எழுதியே அறுபது வருடம்: ழான்-க்ளோத் கரியேர் என்ற திரைக்கதையாளர்

பிரான்சில் சினிமாவுக்கும் டிவிக்கும் திரைக்கதை எழுதுவதையே தொழிலாக வைத்துக்கொண்டு கடைசிவரை நின்றவர்கள் உண்டா, இல்லை அங்கேயும் எல்லோரும் நாலு படம் எழுதிவிட்டு இயக்குநராகப் போய்விடுகிறார்களா என்று கேட்டிருக்கிறீர்கள். நின்றவர்கள் பலர் உண்டு. எனக்கு நன்றாகத் தெரிந்த ஒருவரை மட்டும் எடுத்துக்கொண்டு விரிவாகச் சொல்கிறேன்: ழான்-க்ளோத் கரியேர். 1931இல் பிறந்தார், 2021இல் இறந்தார். பெயர் தெரியாதவர்களுக்கும் நாடக இயக்குநர் பீட்டர் புரூக்கின் மகாபாரதம் தெரிந்திருக்கும். அந்த நாடகத்தின் எழுத்து இவருடையது. இயக்குநர் லூயிஸ் புனுவல் பிரான்சில் எடுத்த கடைசிக்காலப் படங்கள், ‘தகர டமாரம்’, ‘மார்த்தன் கெர் திரும்பி வந்த கதை’, தெபார்தியூ நடித்த ‘சிரானோ’ எல்லாவற்றிலும் இவர் பெயர் இருக்கிறது. சில குறும்படங்களை இயக்கியிருக்கிறார். அதோடு சரி. முழுநீளப் படம் ஒன்றைக்கூட இயக்கவில்லை.

முதலில் சட்டத்தைப் பற்றி ஒரு வார்த்தை. அது தெரியாமல் அங்கே எழுத்தாளர் எப்படி வாழ்கிறார் என்பது புரியாது. பிரெஞ்சுச் சட்டப்படி ஒரு படத்துக்கு ஆசிரியர் ஒருவர் அல்ல, பலர். இயக்குநர், திரைக்கதை எழுதியவர், தழுவி எழுதியவர், வசனம் எழுதியவர், படத்துக்கென்றே இசை அமைத்தவர் எல்லோரும் இணை ஆசிரியர்கள். நம் படங்களின் டைட்டிலில் கதை, திரைக்கதை, வசனம் என்று தனித்தனியாகப் போடுகிறோம் அல்லவா? அங்கேயும் அப்படித்தான் போடுவார்கள். அந்தப் பிரிவினைக்குப் பின்னால் பணமும் உரிமையும் இருக்கின்றன. படமோ தொடரோ டிவியில் ஒளிபரப்பாகும்போது எழுத்தாளருக்கு உரிய பங்கை வசூலித்துக் கொடுக்க எஸ்ஏசிடி என்ற ஆசிரியர் சங்கம் உண்டு. 1777இல் நாடக ஆசிரியர் போமார்ஷே, நடிகர் குழுக்கள் ஆசிரியர்களை ஏமாற்றுகின்றன என்று சண்டை போட்டுத் தொடங்கிய அமைப்பின் வழிவந்தது அது. ஆகவே எழுதியவன் எழுதியவனாகவே இருந்து பிழைக்க அங்கே ஓரளவு வழி இருந்தது. கரியேர் அந்த வழியில்தான் நடந்தார்.

ஆனால் சட்டம் சோறு போடும், அவ்வளவுதான். அறுபது வருடம் ஒருவரைத் தேடி இயக்குநர்கள் வந்துகொண்டே இருந்ததற்கு வேறு காரணம் வேண்டும். என் கணிப்பில் அது ஒன்றுதான்: அவர் இன்னொருவருக்கு எதிரே உட்காரத் தெரிந்தவர். கேட்கவும் தெரியும், கதை சொல்லவும் தெரியும், சொன்னதைத் தூக்கிப் போடவும் தெரியும். அவர் வாழ்க்கையை எங்கே தொட்டாலும் ஒரு மேசையும் எதிரெதிரே இரண்டு நாற்காலிகளும் வந்துவிடுகின்றன.

தெற்கு பிரான்சில் எரோ மாவட்டத்தில் கொலொம்பியேர் என்ற சின்னக் கிராமம் அவர் ஊர். குடும்பம் திராட்சை பயிரிட்டு வைன் தயாரிக்கும் குடும்பம். 1945இல் பெற்றோர் பாரிஸை ஒட்டிய மோன்த்ரேய்க்கு வந்து ஒரு காப்பிக்கடை நடத்தினார்கள். பையன் நன்றாகப் படித்தான், உயர்கல்வியில் வரலாறு எடுத்துக்கொண்டான். 1957இல் முதல் நாவல் வந்தது. அது பெரிய பேர் வாங்கவில்லை. ஆனால் அதை வெளியிட்ட ரொபேர் லஃபோன் பதிப்பகத்துக்கும் நகைச்சுவைக் கலைஞர் ழாக் தாத்திக்கும் ஓர் ஒப்பந்தம் இருந்தது. தாத்தியின் படங்களை நாவலாக எழுதி வெளியிட வேண்டும். சில இளம் எழுத்தாளர்களை ஆளுக்கு ஓர் அத்தியாயம் எழுதித் தரச் சொன்னார்கள். தாத்தி கரியேர் எழுதியதைத் தேர்ந்தெடுத்தார்.

அங்கே நடந்த ஒரு சின்ன விஷயத்தைக் கரியேர் கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தார். உனக்குச் சினிமா பற்றி என்ன தெரியும் என்று தாத்தி கேட்கிறார். பார்க்கப் பிடிக்கும் என்பதைத் தாண்டி இவருக்கு ஒன்றும் தெரியாது. தாத்தி தன் படத்தொகுப்பாளர் சுஸான் பாரோனைக் கூப்பிட்டு, இந்தப் பையனுக்குச் சினிமா என்றால் என்னவென்று காட்டு என்கிறார். அவர் தொகுப்பு அறைக்கு அழைத்துப்போய், ‘திருவாளர் உலோவின் விடுமுறை’ படத்தின் முதல் ரீலை மெஷினில் மாட்டுகிறார். பக்கத்தில் அதன் திரைக்கதைப் பிரதியை வைக்கிறார். இதிலிருந்து அதற்கு எப்படிப் போவது, உள்ள சிக்கலெல்லாம் அவ்வளவுதான் என்கிறார். பிறகு இரண்டு பேரும் உட்கார்ந்து ஒரு வரி படிப்பார்கள், ஒரு ஷாட் பார்ப்பார்கள், பிலிமைப் பின்னால் ஓட்டுவார்கள், மறுபடி படிப்பார்கள். அவர் எந்தப் பள்ளியிலும் சினிமா படிக்கவில்லை. அந்த அறையில் ஒரு பெண்மணி சொல்லிக்கொடுத்ததுதான் படிப்பு. இந்தக் காட்சியை எப்போது நினைத்தாலும் எனக்கு அந்த அம்மாள் மீது தனி மரியாதை வரும். பிரெஞ்சுத் திரைக்கதையின் பெரிய பெயர் ஒன்றுக்கு அரிச்சுவடி எடுத்தவர் அவர், ஆனால் அவரைப் பற்றிப் பேசுபவர்கள் குறைவு.

தாத்தியிடம் உதவியாளராக இருந்த பியேர் எத்தெக்ஸ் அங்கேதான் நண்பரானார். நடுவில் கரியேர் அல்ஜீரியப் போருக்குக் கட்டாய ராணுவச் சேவையில் போய்வந்தார். அப்புறம் இருவரும் சேர்ந்து குறும்படம் எடுத்தார்கள். அதில் ‘இனிய ஆண்டுவிழா’ என்ற படத்துக்கு 1963இல் சிறந்த குறும்படத்துக்கான ஆஸ்கர் கிடைத்தது. அப்போது கரியேருக்கு வயது 31. ‘காதலிக்க வந்தவன்’, ‘யோயோ’ என்று முழுநீளப் படங்களும் தொடர்ந்தன. எத்தெக்ஸ் சர்க்கஸ் கோமாளி, ஓவியரும்கூட. பேச்சே இல்லாமல் ஒரு காட்சியை எப்படிக் கட்டுவது, சிரிப்பு எந்த நொடியில் வரும், அதற்கு முன் எத்தனை நொடி பொறுக்க வேண்டும் என்பதை நொடிக் கணக்கில் கற்றுக்கொண்டது இந்தக் காலத்தில்தான். வசனம் எழுதுவதால் பேர் வாங்கப்போகிற ஒருவர் வசனம் அநேகமாக இல்லாத படங்களில் பயிற்சி எடுத்தார் என்பதைக் கவனியுங்கள்.

1963இல் கான் திரைப்பட விழாவில் புனுவலைச் சந்தித்தார். ஸ்பெயினில் பிறந்து, மெக்சிகோவில் வாழ்ந்துகொண்டிருந்த புனுவல் அப்போது ஒரு பிரெஞ்சு நாவலைப் படமாக்கத் திட்டமிட்டிருந்தார். பிரெஞ்சுக் கிராமப்புற வாழ்க்கை தெரிந்த ஓர் எழுத்தாளர் வேண்டும் என்று தயாரிப்பாளர் சேர்ஜ் சில்பெர்மான் சிலரை அவரிடம் அனுப்பிவைத்தார். சாப்பாட்டு மேசையில் புனுவல் கேட்ட முதல் கேள்வி: நீங்கள் வைன் குடிப்பீர்களா? குடிப்பேன், எங்கள் குடும்பமே வைன் தயாரிக்கிற குடும்பம் என்றார் கரியேர். புனுவல் முகம் மலர்ந்துவிட்டது. பேச ஒன்றும் கிடைக்காவிட்டால் வைனைப் பற்றியாவது பேசலாம் என்று அவருக்குத் தோன்றியிருக்கிறது. அந்த மேசையில் தொடங்கியது ‘ஒரு பணிப்பெண்ணின் நாட்குறிப்பு’ (1964). அதில் பாதிரியாராகவும் கரியேர் நடித்தார். பிறகு ‘பெல் த ழூர்’ (1967), ‘பால்வீதி’ (1969), ‘பூர்ஷ்வாக்களின் அடக்கமான வசீகரம்’ (1972), ‘சுதந்திரத்தின் ஆவி’ (1974), ‘ஆசையின் அந்தப் புதிரான பொருள்’ (1977). ஆறு படங்கள். ‘பெல் த ழூர்’ வெனிஸ் திரைப்பட விழாவில் முதல் பரிசான தங்கச் சிங்கம் வாங்கியது. ‘அடக்கமான வசீகரம்’ சிறந்த வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கர் வாங்கியது.

இருவரும் எழுதிய முறையைத்தான் திரைக்கதை கற்க வருகிறவர்களுக்கு நான் முதலில் சொல்வேன். ஸ்பெயினிலோ மெக்சிகோவிலோ ஊரைவிட்டுத் தள்ளி ஒரு விடுதி. மனைவி, குழந்தை, நண்பர் யாரும் கிடையாது. காலையில் மூன்று மணி நேரம், மாலையில் மூன்று மணி நேரம் வேலை. மூன்று வேளையும் ஒன்றாகவே சாப்பாடு. தனியாக இருவரும் எதிரெதிரே உட்கார்ந்து சாப்பிட்ட வேளைகள் மட்டும் 2000க்கு மேல் இருக்கும் என்று கரியேர் கணக்குச் சொல்வார். எத்தனை கணவன் மனைவிக்கு அது வாய்க்கும் என்றும் சேர்த்துச் சொல்வார்.

மாலை வேலை முடிந்ததும் அரைமணி நேரம் பிரிந்துவிடுவார்கள். புனுவல் விடுதியின் பாருக்குப் போய்த் தன் மார்ட்டினியோடு உட்கார்வார். கரியேர் அறைக்குப் போவார். இருவரும் அந்த அரைமணியில் ஆளுக்கொரு கதை கற்பனை செய்தே ஆகவேண்டும். எழுதிக்கொண்டிருக்கும் படத்துக்குச் சம்பந்தம் இருக்கலாம், இல்லாமலும் போகலாம். சின்னதாக இருக்கலாம், அசிங்கமாகக்கூட இருக்கலாம். ஏதாவது ஒன்று வேண்டும். பிறகு பாரில் சந்தித்து அதை ஒருவருக்கொருவர் சொல்வார்கள். மனம் என்பது தசை மாதிரி, தினமும் அசைக்காவிட்டால் இறுகிப்போகும் என்பது இருவரின் நம்பிக்கை.

இன்னொரு விதியும் உண்டு. ஒருவர் ஒரு யோசனை சொன்னால் மற்றவர் சில நொடிக்குள் ஆம் அல்லது இல்லை சொல்லிவிட வேண்டும். யோசித்து, அலசி, மரியாதைக்காக இழுத்தடித்துச் சொல்லக்கூடாது. இல்லை என்றால் அந்த யோசனை அங்கேயே செத்தது. ஏன் என்று விளக்கம் கேட்கக்கூடாது, வாதாடவும் கூடாது. புனுவல் இளமையில் பழகிய, கனவையும் ஆழ்மனதையும் கலையாக்கிய சர்ரியலிஸ்டுகளிடமிருந்து கொண்டுவந்த வழக்கம் இது. சாதாரணமாகக் கேட்டால் விளையாட்டு மாதிரி இருக்கிறது. செய்து பாருங்கள், உயிரே போய்விடும். நாம் ஆசையாகச் சொன்ன ஒன்றை எதிரில் இருப்பவர் மூன்று நொடியில் வேண்டாம் என்றால், அடுத்த நிமிடமே முகம் வாடாமல் இன்னொன்று சொல்ல வேண்டும். கரியேர் அதைக் கிட்டத்தட்ட இருபது வருடம், தன்னைவிட 31 வயது மூத்த ஒரு மேதையிடம் செய்தார். ஆரம்பத்தில் எல்லாவற்றுக்கும் தலையாட்டிக்கொண்டிருந்ததாகவும், எதிர்த்துப் பேசாத ஆள் எனக்கு எதற்கு என்று புனுவல் நினைத்ததாகவும், அதைத் தயாரிப்பாளர் மூலம் தெரிந்துகொண்ட பிறகுதான் இல்லை சொல்லக் கற்றுக்கொண்டதாகவும் அவரே சொல்லியிருக்கிறார்.

‘அடக்கமான வசீகரம்’ எங்கிருந்து வந்தது என்று பாருங்கள். சில்பெர்மான் தனக்கு நடந்ததை ஒருநாள் சொன்னார்: வீட்டுக்குச் சிலரை விருந்துக்குக் கூப்பிட்டுவிட்டு, மனைவியிடம் சொல்ல மறந்து, அன்றைக்கே வெளியே வேறு வேலையும் வைத்துக்கொண்டார். விருந்தாளிகள் பூச்செண்டோடு வந்து நின்றால் அந்த அம்மாள் சாப்பிட்டு முடித்து இரவு உடையில் படுக்கப் போய்க்கொண்டிருக்கிறார். படம் கிட்டத்தட்ட இதே காட்சியில்தான் தொடங்குகிறது. அதற்குப் பிறகு? ஆறு பேர் உட்கார்ந்து சாப்பிட நினைக்கிறார்கள், ஒவ்வொரு தடவையும் ஏதோ ஒன்று வந்து தடுக்கிறது. அவ்வளவுதான் கதை. தடுப்பது நம்பும்படியும் இருக்க வேண்டும், விசித்திரமாகவும் இருக்க வேண்டும். ரொம்ப நம்பும்படி இருந்தால் சலிப்பு, ரொம்ப விசித்திரமாக இருந்தால் பார்ப்பவன் விட்டுவிடுவான். அந்த அளவு கைக்கு வர ஐந்து தடவை முழுத் திரைக்கதையையும் திருப்பி எழுதினார்கள். எளிமையாகத் தெரிகிற படம் என்று நினைத்து அதைப் பார்க்கும் ஒவ்வொரு தடவையும் அந்த ஐந்து பிரதிகள் எனக்கு ஞாபகம் வரும்.

1982இல் வெளியான புனுவலின் தன்வரலாற்றையும் அவர் பேசப் பேச எழுதிக் கொடுத்தவர் கரியேர்தான். மறுவருடம் புனுவல் மெக்சிகோ நகரில் இறந்தார்.

இதற்கு நடுவிலும் பிறகும் எழுதிய மற்றவற்றை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். லூயி மாலுக்கு ‘விவா மரியா’ முதல் ‘மே மாதத்து மிலு’ வரை. மிலோஷ் ஃபோர்மனுக்கு அமெரிக்காவில் அவர் எடுத்த முதல் படம். ழாக் தெரேக்கு அலன் தெலோன் நடித்த ‘நீச்சல் குளம்’, ‘போர்சலினோ’. வயதாவுக்கு ‘தாந்தோன்’. கோதாருக்கு ஒன்று, ஜப்பானின் ஓஷிமாவுக்கு ஒன்று. ஃபிலிப் காஃப்மனோடு சேர்ந்து செக் எழுத்தாளர் குந்தேராவின் நாவலைத் திரைக்கதையாக எழுதியதற்கு ஆஸ்கர் பரிந்துரை. இந்த இயக்குநர்களை வரிசையாக நிற்கவைத்தால் ஒருவருக்கொருவர் ஒட்டே கிடையாது. கரியேர் முத்திரை என்று ஒன்று எல்லாவற்றிலும் தெரிகிறதா என்று தேடினால் கிடைக்காது. சிலர் இதைக் குறையாகச் சொல்கிறார்கள். சொந்தக் குரல் இல்லாத திறமைசாலி என்று. எனக்கு அதில் உடன்பாடில்லை. ‘நீச்சல் குள’த்தின் மௌனமும் ‘சிரானோ’வின் கவிதை மழையும் ஒரே கையிலிருந்து வரவேண்டுமானால், அந்தக் கை எத்தனை விஷயத்தை விட்டுக்கொடுக்கப் பழகியிருக்க வேண்டும்!

‘தகர டமார’த்தில் விட்டுக்கொடுத்தது நாவலின் மூன்றில் ஒரு பாகம். குந்தர் கிராஸின் அந்தப் பெரிய நாவல் போருக்குப் பிறகும் தொடர்கிறது. படம் 1945இல் நின்றுவிடுகிறது. 1979இல் கானில் முதல் பரிசான தங்கப் பனை, அடுத்த வருடம் ஆஸ்கர். ‘மார்த்தன் கெர்’ (1982) வேறு மாதிரியான வேலை. பதினாறாம் நூற்றாண்டில் அர்த்திகா என்ற கிராமத்தில் ஒருவன் காணாமல் போகிறான். பல வருடம் கழித்து ஒருவன் வந்து நான்தான் அவன் என்கிறான். மனைவி ஏற்றுக்கொள்கிறாள், ஊர் ஏற்றுக்கொள்கிறது, பிறகு வழக்கு வருகிறது. உண்மையில் நடந்தது, 1560இல் துலூஸ் நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. கரியேர் வரலாறு படித்தவர் என்பது இங்கே கைகொடுத்தது. வரலாற்றாசிரியர் நாடலி ஸீமோன் டேவிஸ் படத்துக்கு ஆலோசகராக இருந்தார். படத்தில் இடமில்லாமல் போன சந்தேகங்களையெல்லாம் வைத்து அவர் பிறகு எழுதிய நூல் இன்று வரலாற்று மாணவர்களின் பாடப்புத்தகம். கரியேருக்கும் இயக்குநர் தானியேல் விஞ்ஞுக்கும் திரைக்கதைக்காக பிரான்சின் தேசியத் திரைப்பட விருதான செசார் கிடைத்தது.

‘சிரானோ’ (1990) பற்றி ஒரு நுணுக்கம். ரொஸ்தானின் நாடகம் முழுக்கச் செய்யுள், வரிக்குப் பன்னிரண்டு அசை, ஈரடி ஈரடியாக எதுகை. சினிமாவுக்குக் குறைக்க வேண்டும். ஒரு வரியை வெட்டினால் அதன் ஜோடி வரி அநாதையாக நிற்கும், எதுகை போய்விடும். ஆகவே கரியேரும் இயக்குநர் ரப்பனோவும் வெட்டிய இடத்தில் ஒட்டுப் போடத் தாங்களே அதே யாப்பில் வரிகள் எழுதினார்கள். பிரெஞ்சுக்காரர்கள் பள்ளியில் மனப்பாடம் செய்கிற நாடகம் அது. அதில் யாருக்கும் தெரியாமல் புது வரி நுழைப்பது என்பது கம்பராமாயணத்தில் ஒரு விருத்தம் சேர்த்துவிட்டு ஊர் வாய்க்குத் தப்புவது மாதிரி. அவர்கள் தப்பினார்கள். தெபார்தியூவுக்குக் கானில் சிறந்த நடிகர் விருது, படத்துக்கு 10 செசார்.

சரி, டிவிக்கு வருவோம். கரியேருக்கு டிவி இரண்டாந்தரம் என்ற எண்ணமே இருந்ததில்லை. சினிமாவில் பணம் போட யாரும் முன்வராத பேச்சுக் கதைகளை, சிந்தனைக் கதைகளை அவர் டிவிக்குக் கொண்டுபோனார். இயக்குநர் ழான்-தானியேல் வெராக்கோடு மட்டும் ‘பூவாரும் பெக்யுஷேயும்’, ‘திபோ குடும்பம்’, கலிலியோவைப் பற்றி ஒன்று என்று பல செய்தார். அவற்றின் சிகரம் 1992இல் வந்த ‘வயாதோலித் விவாதம்’.

அடிப்படை இது: 1550இல் ஸ்பெயின் அரசர் ஐந்தாம் சார்லஸ், அமெரிக்காவை வெற்றிகொள்வது நியாயமா, அங்குள்ள மக்களை என்ன செய்வது என்று விவாதிக்க வயாதோலித் நகரில் அறிஞர் சபை ஒன்றைக் கூட்டினார். அந்த மக்களுக்காகப் பேசியவர் பாதிரியார் பார்த்தொலொமே த லாஸ் காஸாஸ். எதிர்த்துப் பேசியவர் தத்துவ அறிஞர் செபுல்வேதா. சிலர் இயல்பிலேயே அடிமைகள் என்ற அரிஸ்டாட்டிலின் கருத்து அவர் கையில் ஆயுதம்.

கரியேர் இதில் இரண்டு பெரிய மாற்றம் செய்தார். வரலாற்றில் அந்த இருவரும் சபை முன் தனித்தனியாகத்தான் தங்கள் வாதத்தை வைத்தார்கள். படத்தில் முகத்துக்கு முகம் மோதுகிறார்கள். வரலாற்றில் அந்த மக்களுக்கு ஆன்மா உண்டா என்பது கேள்வியாக இருக்கவில்லை, 1537லேயே போப்பாண்டவர் உண்டு என்று அறிவித்தாயிற்று. கரியேர் அதையே கேள்வியாக்கினார்: இவர்கள் நம்மைப் போன்ற மனிதர்கள்தானா? அந்தக் கேள்வியை வெறும் வாதமாக விடவும் இல்லை. அமெரிக்காவிலிருந்து ஒரு குடும்பத்தையே அந்த மடத்துக்குக் கொண்டுவந்து நிறுத்துகிறார். இவர்களுக்குச் சிரிக்கத் தெரியுமா என்று பார்க்கக் கோமாளிகளை வரவழைக்கிறார்கள். கோமாளிகள் ஆடுகிறார்கள். அந்தக் குடும்பம் அசையாமல் பார்க்கிறது. எத்தெக்ஸோடு சிரிப்பின் நொடிகளை எண்ணிப் பழகிய ஒருவர், முப்பது வருடம் கழித்து, சிரிப்பு வராத ஒரு கோமாளிக் காட்சியை எழுதியிருக்கிறார். அந்த இடத்தில் எனக்கு நெஞ்சு அடைத்துவிடும்.

ழான்-பியேர் மரியேல் லாஸ் காஸாஸ், ழான்-லூயி த்ரன்தின்யான் செபுல்வேதா, தீர்ப்புச் சொல்ல வந்த போப்பின் பிரதிநிதி ழான் கார்மே. செபுல்வேதாவைக் கொடியவனாக எழுதியிருந்தால் வேலை சுலபமாக முடிந்திருக்கும். த்ரன்தின்யான் குரலை உயர்த்துவதே இல்லை. பண்பாக, ஒழுங்காக, சங்கிலியில் கண்ணி கோப்பது மாதிரி வாதத்தைக் கோக்கிறார். லாஸ் காஸாஸ் கோபக்காரர், தடுமாறுகிறார், ஆதாரத்தைத் தப்பான இடத்தில் வைக்கிறார். நியாயம் ஒரு பக்கம், வாதத்திறமை இன்னொரு பக்கம் என்று பிரித்துவைத்ததுதான் அந்தத் திரைக்கதையின் பலம். கடைசியில் பிரதிநிதி, ஆம், இவர்கள் மனிதர்களே என்று தீர்ப்புச் சொல்கிறார். அப்போது சுரங்கத்துக்கும் தோட்டத்துக்கும் ஆள் வேண்டுமே என்ற கவலை எழுகிறது. அதற்கு ஆப்பிரிக்காவிலிருந்து ஆட்களைக் கொண்டுவரலாமே என்று அவரே வழி சொல்கிறார். ஒன்றரை மணி நேரம் நியாயம் ஜெயிக்கவேண்டும் என்று காத்திருந்த நமக்கு அது கிடைத்த அதே மூச்சில் இன்னொரு கண்டத்தின் தலையெழுத்து எழுதப்படுகிறது. இதை அவர் நாவலாகவும் எழுதினார், நாடகமாகவும் மேடையேறியது. வரலாற்றை இப்படி வளைக்கலாமா என்று கேட்பவர்கள் உண்டு. பாடப்புத்தகமாக எடுத்துக்கொண்டால் தவறு என்பேன். ஆனால் நடந்த விவாதத்துக்கு அடியில் என்ன கிடந்ததோ அதை வெளியே எடுத்துவைத்தது என்ற அளவில் அவர் பக்கம்தான் நான்.

மகாபாரதம். இதற்கும் தொடக்கம் ஒரு மேசைதான். 1970களின் நடுவில் பீட்டர் புரூக்கும் கரியேரும் ஃபிலிப் லவாஸ்தீன் என்ற சமஸ்கிருத அறிஞரைப் பார்க்கப் போனார்கள். கேட்டது ஒரே ஒரு கேள்வி: போர் தொடங்கும் நேரத்தில் அர்ஜுனன் ஏன் தயங்கி நிற்கிறான்? அதற்குப் பதில் சொல்ல, அர்ஜுனன் யார் என்று சொல்ல வேண்டியிருந்தது. அர்ஜுனன் யார் என்று சொல்ல அவன் பிறப்பைச் சொல்ல வேண்டும், அதற்குப் பாண்டுவின் சாபம், அதற்குப் பீஷ்மரின் சபதம். பாட்டியிடம் கதை கேட்டு வளர்ந்த நமக்கு இது எப்படிப் போகும் என்று தெரியும். இரவு இரவாகப் போய்க் கேட்டார்கள். கரியேர் குறிப்பெடுத்துக்கொண்டார். கதை முடிந்த ஒருநாள், விடியற்காலை மூன்று மணி வாக்கில், பாரிஸின் சேன்-ஆந்த்ரே-தே-ஸார் தெருவில் இருவரும் நின்று, இதை மேடையேற்றுவோம், எவ்வளவு நீளமோ அவ்வளவு, எப்போது தயாரோ அப்போது என்று முடிவு செய்தார்கள். மேடையேற 1985 ஆகிவிட்டது. நடுவில் பலமுறை இந்தியாவுக்கு வந்துபோனார்கள்.

அவின்யோன் நாடக விழாவில், ஊருக்கு வெளியே ஒரு பழைய கற்குவாரியில், ஒன்பது மணி நேரம். சில இரவுகளில் பொழுது சாயத் தொடங்கி விடியும்போது முடித்தார்கள். இரவு முழுக்கப் பாரதக் கூத்து பார்க்கிற வழக்கமுள்ள நம் வடமாவட்டத்துக் கிராமத்தாருக்கு அந்த நேரக்கணக்கு ஆச்சரியமாக இருந்திருக்காது. பிரெஞ்சுக்காரர்களுக்கு இருந்தது.

எழுதும்போது கரியேர் சொற்களோடு பட்ட பாடு பெரிது. பிரெஞ்சில் பாவம் என்பதற்கு உள்ள சொல் கிறிஸ்தவ வாடையோடு வரும். அதைத் தவிர்த்தார். வீரன் என்பதற்கு ஐரோப்பிய மாவீரர் கதைச் சொல்லைப் போட்டால் பார்ப்பவன் மனதில் இரும்புக் கவசமும் கோட்டையும் வரும். அதையும் தள்ளினார். தர்மம், சத்திரியன் போன்ற சொற்களை அப்படியே விட்டார். தர்மம் என்பதை ஒற்றைச் சொல்லில் மொழிபெயர்க்க முடியாது என்பதால், அது என்ன என்பதையே கதாபாத்திரங்கள் கேட்டுக்கொண்டிருக்கும்படி செய்தார். கதையைத் தாங்கும் சட்டத்துக்கு ஒரு சிறுவனை வைத்தார். வியாசர் அவனுக்குச் சொல்கிறார், பிள்ளையார் எழுதுகிறார், சிறுவன் நமக்காகக் கேள்வி கேட்கிறான். இங்கேயும் சொல்பவர் ஒருவர், எழுதுபவர் ஒருவர்.

1989இல் இதை டிவிக்காக ஐந்தரை மணி நேரத்துக்கும், தியேட்டருக்காகச் சுமார் மூன்று மணி நேரத்துக்கும் படமாக்கினார்கள். பல நாட்டு நடிகர்கள். திரௌபதியாக மல்லிகா சாராபாய். இந்தியாவில் எதிர்ப்பும் வந்தது. விமர்சகர் ருஸ்தம் பரூச்சா கடுமையாக எழுதினார்: இந்த மண்ணின் சமூகப் பின்னணியை உருவிவிட்டு உலகப் பொதுக் கதையாக்கிவிட்டார்கள் என்பது அவர் வாதம். சாதியும் சடங்கும் மங்கலாகிவிட்டன என்பதும், கீதை சில நிமிடத்தில் கடந்துபோகிறது என்பதும் உண்மை. அந்தக் குறையை நான் மறைக்க மாட்டேன். ஆனால் கர்ணனிடம் குந்தி வந்து நிற்கும் காட்சியை எந்த அலங்காரமும் இல்லாமல் இரண்டு மனிதர்களின் பேச்சாக அவர் எழுதியிருப்பதைப் பார்த்துவிட்டு, எனக்குத் தெரிந்த கதையைப் புதிதாகக் கேட்ட மாதிரி இருந்தது என்பதும் உண்மை.

இவ்வளவு எழுதியவர் தன் எழுத்தைப் பற்றி வைத்திருந்த எண்ணம் வியப்பாக இருக்கும். திரைக்கதை என்பது கம்பளிப்புழு, படம் வண்ணத்துப்பூச்சி என்பார். வண்ணத்துப்பூச்சி பறந்த பிறகு வெறும் கூடு எதற்கு? படப்பிடிப்பு முடியும் நாளில் ஸ்டுடியோக் குப்பைத்தொட்டிகளில் திரைக்கதைப் பிரதிகள் கிடக்கும் என்று வருத்தமில்லாமல் சொல்வார். அழகாக எழுதினோம் என்று பிரதியில் பெருமைப்படுவதுதான் ஆபத்து என்று மாணவர்களை எச்சரித்தார். 1986இல் பாரிஸில் லா ஃபெமிஸ் என்ற அரசுத் திரைப்படப் பள்ளி தொடங்கியபோது அதன் தலைவரானவர் இவர். பத்து வருடம் அந்தப் பொறுப்பில் இருந்தார். திரைக்கதைக்கென்று தனித்துறை உள்ள பள்ளி அது. 2013 முதல் டிவி தொடர் எழுதுவதற்கும் அங்கே தனிப் படிப்பு உண்டு. இப்போது பிரெஞ்சுத் தொடர்களைப் பல எழுத்தாளர்கள் ஒரே அறையில் உட்கார்ந்து எழுதுகிறார்கள். கரியேர் காலத்து இரண்டு நாற்காலி அங்கே எட்டு நாற்காலி ஆகியிருக்கிறது. இன்று இந்தத் தொழிலுக்கு வருகிறவர் அந்த அறையில்தான் பெரும்பாலும் தொடங்க வேண்டியிருக்கும். ஆம், இல்லை சொல்லும் விதி அங்கேயும் வேண்டும்.

2014இல் அவருக்குக் கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள். அப்போது வயது 83. அப்புறமும் வேலையை விடவில்லை. இயக்குநர் ஹனேகே தன் ‘வெள்ளை நாடா’ திரைக்கதை நீண்டுபோனபோது குறைக்க உதவி கேட்டு முன்பே இவரிடம்தான் வந்திருந்தார். கடைசி வருடங்களில் இயக்குநர் ஃபிலிப் கரேலோடும் அவர் மகன் லூயி கரேலோடும் எழுதினார். வான்கோவைப் பற்றிய ஷ்னாபெல் படத்திலும் பங்கு உண்டு. லூயி கரேலோடு எழுதிய ‘சிலுவைப்போர்’ அவர் இறந்த பிறகு, 2021இல் கானில் திரையிடப்பட்டது. சொந்த ஊரான கொலொம்பியேரில் அடக்கம் செய்தார்கள்.

எதிலிருந்து தொடங்கலாம் என்றும் கேட்டிருந்தீர்கள். ‘இனிய ஆண்டுவிழா’விலிருந்து தொடங்குங்கள். பன்னிரண்டு பதின்மூன்று நிமிடம்தான், பேச்சு அநேகமாக இல்லை, மொழி தெரிய வேண்டியதில்லை. கல்யாண நாள். மனைவி வீட்டில் மேசை போட்டுக் காத்திருக்கிறாள். கணவன் பரிசு வாங்கிக்கொண்டு காரில் வருகிறான், பாரிஸ் போக்குவரத்து அவனை விடவில்லை. ஒரு தடவை வண்டியை நிறுத்த இடம் இல்லை, இன்னொரு தடவை நிறுத்திய வண்டியை எடுக்க வழி இல்லை. அவள் கொஞ்சம் கொறிக்கிறாள், கொஞ்சம் குடிக்கிறாள். முதல் முறை சிரித்துக்கொண்டே பாருங்கள். இரண்டாம் முறை ஒரு தாளை எடுத்து, நடுவில் கோடு போட்டு, இடப்பக்கம் தெருவில் நடப்பதையும் வலப்பக்கம் மேசையில் குறைவதையும் வரிவரியாக எழுதிக்கொண்டே பாருங்கள்.